கண்ணாடி முகமும் சமையலறை முணுமுணுப்பும்

ஒரு பெண்ணின் மனதுக்குள் நடப்பதைக் கால் மணி நேரத்துக்குள் காட்டிய இரண்டு குறும்படங்கள். மாயா டெரன் 1943-இல் கணவர் அலெக்சாண்டர் ஹமித்தோடு எடுத்த 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்' கனவு வழியாகப் போகிறது. சாவி, ரொட்டிக் கத்தி, பூ, முகம் இருக்க வேண்டிய இடத்தில் கண்ணாடி வைத்த கறுப்பு உருவம். ஒரே பெண் மூன்று பேராக மேசையைச் சுற்றி உட்காரும்போது எனக்கு ஒவ்வொரு முறையும் உடம்பு சிலிர்க்கும். வசனமே கிடையாது. இசைகூட 1959-இல்தான் சேர்ந்தது.

ஷாந்தால் அகெர்மான் 18 வயதில், 1968-இல் எடுத்த 'சோத் மா வில்' ('என் ஊரை வெடிக்க வை' என்று அர்த்தம்) நேரெதிர். கனவில்லை, ஒரு சின்னச் சமையலறைதான். அவரே நடித்திருக்கிறார். ஸ்பகெட்டி சாப்பிடுகிறாள், தரையைக் கழுவுகிறாள், ஷூ பாலிஷைக் காலிலும் சேர்த்துத் தேய்க்கிறாள். கூடவே அவள் குரலில் ஒரு முணுமுணுப்புப் பாட்டு. அப்புறம் கதவிடுக்கை டேப் ஒட்டி அடைக்கிறாள். கேஸைத் திறந்துவிடுகிறாள். கடைசியில் வெடிச் சத்தம்.

டெரனின் படத்தில் குறியீடுகளுக்கு அர்த்தம் தேடியே மனம் தப்பித்துக்கொள்ளும். அகெர்மானிடம் அந்த வசதி இல்லை. வீட்டு வேலைக்குள்ளேயே எல்லாம் இருக்கிறது. அதனால்தான் எனக்கு இது இன்னும் நெருக்கம். முதன்முறை பார்ப்பவர்கள் டெரனில் தொடங்கலாம். மனம் கனத்திருக்கும் நாளில் மட்டும் அகெர்மான் வேண்டாம்.