நேரலையா, பின்தொடரும் செய்தியா? தூத்துக்குடியை வைத்து ஓர் ஒப்பீடு

2018 மே 22. தூத்துக்குடியில் ஸ்டெர்லைட் தாமிர ஆலை எதிர்ப்புப் போராட்டத்தின் 100வது நாள். கலெக்டர் அலுவலகம் நோக்கிப் போன கூட்டத்தின் மீது போலீஸ் சுட்டது. அன்றும் மறுநாளும் நடந்த போலீஸ் நடவடிக்கையில் 13 பேர் செத்தார்கள்.

நேரலையின் பலம் வேகம். மஞ்சள் டி-ஷர்ட் போட்ட ஒருவர், சீருடை இல்லை, போலீஸ் வேன் கூரை மேல் துப்பாக்கியோடு ஏறுகிறார். அந்தக் காட்சி மட்டும் இல்லையென்றால் இன்று யாரும் நம்பியிருக்க மாட்டார்கள். ஆனால் நேரலைக்குப் புகையும் எரியும் வண்டியும்தான் பிடிக்கும். 99 நாள் அமைதியாக உட்கார்ந்திருந்ததற்கு அதில் எத்தனை நிமிடம் கிடைத்தது? இன்னொன்று, அவசரத்தில் ‘துப்பாக்கிச் சூட்டில் பலி’ என்றே ஓடும். சுட்டது யார் என்பது அந்த வாக்கியத்திலேயே இருக்காது.

பின்தொடரும் செய்தி மெதுவானது, கொஞ்சம் போரடிக்கும். பிரேதப் பரிசோதனை அறிக்கை, சாட்சிகள், ஆவணங்கள் என்று இழுக்கும். இந்தத் துப்பாக்கிச் சூட்டை விசாரித்த நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையத்தின் அறிக்கை 2022 அக்டோபரில்தான் சட்டசபைக்கு வந்தது. 17 போலீசார் மீது நடவடிக்கை எடுக்கப் பரிந்துரைத்தது. ‘கூட்டத்தைக் கட்டுப்படுத்தவே சுட்டோம்’ என்ற வாதம் அதில் நிற்கவில்லை. அதற்குள் பெரும்பாலான கேமராக்கள் வேறு ஊருக்குப் போய்விட்டன.

என்னைக் கேட்டால் இரண்டாவதுதான். அந்த வேன் கூரைக் காட்சியை மட்டும் அழிக்காமல் வைத்திருங்கள்.