ஈபாநெட் 2: 2004-இல் சேமித்த கோப்பு இன்றும் திறக்கிறது

கடலூர் மஞ்சக்குப்பத்தில் குடிநீர்க் குழாய் வடிவமைப்பு வேலை பார்க்கிறேன். பெரும்பாலும் ஊராட்சித் திட்டங்கள். ஆரம்ப காலத்தில் ஹார்டி கிராஸ் முறைதான். வளையமாக இணைந்த குழாய்களில் எதில் எவ்வளவு தண்ணீர் ஓடும் என்று கையால் போடும் கணக்கு அது. கால்குலேட்டரை வைத்துக்கொண்டு வளையம் வளையமாகத் திருத்தினால், ஆறு வளையத்துக்கு ஒரு பகல் போய்விடும். அந்தக் கணக்கை நொடியில் முடித்துக் கொடுத்தது ஈபாநெட் 2.

அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை 2000-இல் வெளியிட்ட இலவச மென்பொருள். தொட்டி, குழாய், வால்வு, பம்ப் எல்லாம் மவுஸால் வரைந்து ஓட்டினால், எந்தத் தெருவில் எவ்வளவு அழுத்தம் என்று நிறத்தில் காட்டிவிடும். கடைமடைத் தெரு நீலமாக நின்றால் அங்கே தண்ணீர் ஏறுவது சந்தேகம்.

புதிதாகத் தொடங்குகிறவர்கள் முதலில் திரையின் அடிப்பட்டையைப் பாருங்கள். சின்ன எழுத்தில் ‘ஜிபிஎம்’ என்று இருக்கும். அமெரிக்க கேலன் கணக்கு அது. எல்பிஎஸ் (நொடிக்கு எத்தனை லிட்டர்) என்று மாற்றாமல் விட்டம் 110 என்று போட்டால், 110 மில்லிமீட்டர் குழாயை 110 அங்குலமாக எடுத்துக்கொள்ளும். என் முதல் திட்டத்தில் அப்படித்தான் ஆனது. எல்லாத் தெருவிலும் அழுத்தம் அமோகமாக வந்தபோதுதான் சந்தேகம் தட்டியது. பக்கத்திலேயே ‘ஆட்டோ லெங்த் ஆஃப்’ என்று இருக்கும். அதையும் கவனிக்காவிட்டால் வரைந்த குழாய்க்கெல்லாம் நீளம் 1000 என்று தானே போட்டுவிடும்.

குறைகள் உண்டு. ‘அன்டூ’ கிடையாது. விட்டத்தை நாம்தான் தேர்ந்தெடுக்க வேண்டும். கிளை கிளையாகப் பிரியும் கிராமத் திட்டத்துக்குக் குறைந்த செலவில் விட்டம் வேண்டுமென்றால் ஐஐடி மும்பையின் ஜல்தந்திரா என்ற மென்பொருள் நல்லது, பிரவுசரிலேயே ஓடும். அழுத்தம் குறைந்தால் குழாயில் வரும் தண்ணீரும் குறையும் என்ற கணக்கு 2020-இல் வந்த ஈபாநெட் 2.2 பதிப்பில்தான் சேர்ந்தது.

இருந்தும் நான் இதை விடாததற்குக் காரணம் வேறு. நடுவில் காசு கொடுத்து இன்னொரு மென்பொருள் வாங்கினேன். பிரிண்டர் போர்ட்டில் டாங்கிள் என்ற பூட்டுக் கருவியைச் செருகினால்தான் திறக்கும். கணினியை மாற்றினேன், புதியதில் அந்தப் போர்ட் இல்லை. விற்றவர்களைக் கேட்டால் பழைய பதிப்புக்கு ஆதரவு முடிந்தது, வருடச் சந்தா கட்டுங்கள் என்றார்கள். பதினொரு கிராமத்து வேலை அதற்குள்ளேயே மாட்டிக்கொண்டது. என் உழைப்பு, எனக்கே திறக்கவில்லை. இன்றும் ஆறவில்லை.

ஈபாநெட் வேலையைச் சேமிக்கும் ஐஎன்பி (.inp) கோப்போ வெறும் எழுத்து. நோட்பேடில் திறந்தால் நோடு (குழாய்கள் சேரும் புள்ளி) எண், தரைமட்டம், குழாய் நீளம் எல்லாம் வரிசையாக நிற்கும். தானே புயலுக்கு அப்புறம் மின்சாரமும் இல்லை, நெட்டும் இல்லை. மடிக்கணினியில் சார்ஜ் இருக்கும் வரை அதை வைத்துத்தான் வேலை பார்த்தேன்.

இப்போது திட்டங்களுக்குக் கேட்பது ஜிஐஎஸ் வரைபடம், அதாவது இடத்தோடு தகவலையும் சேர்த்து வைக்கும் கணினி வரைபடம். சரி, க்யூஜிஐஎஸ் என்ற இலவச வரைபட மென்பொருளில் வரைந்து ஐஎன்பியாக மாற்றிக்கொள்கிறேன். ஈபாநெட்டின் பழைய ஜன்னலைத் திறப்பது குறைந்துவிட்டது. போன மாதம் ஒரு ஊரில் புதுத் தொட்டி கட்டுவதாகச் சொன்னார்கள். 2004-இல் அந்த ஊருக்குப் போட்ட கோப்பை 2.2-இல் திறந்தேன். அப்போது நான் வைத்த வால்வு உட்பட அப்படியே இருந்தது. தொட்டியை மட்டும் சேர்த்து ஓட்டினேன்.