லெஸ்ட்ரேடாக பிரொந்துகோவ்: சோவியத் ஷெர்லாக் ஹோம்ஸ் தொடர் விமர்சனம்

உக்ரைனியக் குணச்சித்திர நடிகர் பொரிஸ்லாவ் பிரொந்துகோவை (1938–2004) முன்னாள் சோவியத் நாடுகளில் பலருக்கும் ஷெர்லாக் ஹோம்ஸ் கதைகளில் வரும் இன்ஸ்பெக்டர் லெஸ்ட்ரேடாகத்தான் தெரியும். அந்த வேடம் வந்தது சோவியத் டிவி தொடரில்: லென்ஃபிலிம் ஸ்டூடியோ தயாரிப்பு, இகோர் மாஸ்லென்னிகோவ் இயக்கம். 1979 முதல் 1986 வரை ஐந்து படங்கள், மொத்தம் 11 பாகங்கள், ஒவ்வொன்றும் ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேல். ஹோம்ஸாக வசீலி லிவானோவ், வாட்சனாக விதாலி சொலோமின். தாராளமாகப் பார்க்கலாம். ஆனால் இதில் நமக்குக் கிடைப்பது பாதி பிரொந்துகோவ்தான்.

காரணம் குரல். அவர் பேசும் ரஷ்யனில் உக்ரைன் வாடை தூக்கலாக இருந்ததால், ஸ்காட்லாந்து யார்டு (லண்டன் போலீஸ்) அதிகாரிக்குப் பொருந்தாது என்று இகோர் யெஃபிமோவை டப்பிங் பேச வைத்துவிட்டார்கள். டப்பிங் நன்றாகவே ஒட்டுகிறது. ஆனாலும் நடிகரை எடைபோட முகத்தையும் உடம்பையும்தான் பார்க்க வேண்டும்.

அதற்குச் சரியான இடம் இரண்டாம் பாகம். இன்னொரு இன்ஸ்பெக்டர் கிரெக்சனாக வரும் இகோர் திமித்ரியெவ் நல்ல உயரம், மிடுக்கு. பக்கத்தில் ஒல்லியான, குட்டையான லெஸ்ட்ரேட். இருவருக்கும் இடையிலான போட்டியில் பிரொந்துகோவ் ஒரு முறைகூடச் சிரிப்பு மூட்ட முயலவில்லை. அந்த இன்ஸ்பெக்டருக்குத் தன் மூளைமேல் முழு நம்பிக்கை. அந்த நம்பிக்கையை அவர் கடைசிவரை விடாததால்தான் நமக்குச் சிரிப்பு வருகிறது. முதல் பாகத்தில் அவர் இல்லை, அவருக்காக மட்டும் பார்ப்பவர்கள் அதைத் தாண்டிவிடலாம்.

பிரதியைத் தேர்ந்தெடுப்பதில் கவனம் வேண்டும். தொடர் பழைய டிவி அளவான 4:3இல் எடுக்கப்பட்டது. அகலத் திரைக்காக மேலும் கீழும் வெட்டிய பிரதிகளில் தொப்பியும் கைகளும் போய்விடும். இந்த நடிகரின் வேலையில் பாதி அங்கேதான் நடக்கிறது. மூல ஒலியின்மேல் ஒரே ஆள் எல்லா வசனத்தையும் வாசித்துக்கொண்டு போகும் பிரதிகளையும் தவிர்க்கவும். சப்டைட்டில் உள்ளதே நல்லது.

அவருடைய சொந்தக் குரலைக் கேட்க, கெயோர்கி தனேலியா இயக்கிய 'அஃபோன்யா' (1975) படம். அதில் ஃபெதுல் என்ற குடிகாரன். கதாநாயகனை ஒட்டிக்கொண்டே திரியும் ஆள், சின்ன வேடம்.

ஆனால் இவரை வெறும் சிரிப்பு நடிகர் என்று நினைப்பவர்கள் லெயொனித் ஒசிகாவின் 'கல் சிலுவை'யை (1968) கட்டாயம் பார்க்க வேண்டும். உக்ரைனிய எழுத்தாளர் வசீல் ஸ்தெஃபானிக்கின் கதைகளை வைத்து எடுத்த கறுப்பு வெள்ளைப் படம். கனடாவுக்குக் குடிபெயரப்போகும் விவசாயியின் வீட்டில் பிடிபடும் திருடன் இவர். பிடித்தவர்கள் அவனையும் உட்கார வைத்து மது ஊற்றிக் கொடுக்கிறார்கள்; தன்னைக் கொல்லப்போகிறார்கள் என்று அவனுக்கும் தெரியும். லெஸ்ட்ரேடில் சிரிக்க வைத்த அதே பெரிய கண்கள்தான் இங்கேயும். மங்கலான பிரதியில் பார்த்தால் இருட்டில் அவர் முகமே தெரியாது, காட்சி வீண். நல்ல பிரதி கிடைக்கும்வரை காத்திருந்து பார்ப்பது மேல். லெஸ்ட்ரேடை முதலில் முடித்துவிட்டு, வேறொரு நாளில் இதற்கு வரவும்.