கைரல் ஹைட்ரஜனேற்ற வினையூக்கிகள்: நான்கு குப்பிகள், ஒரு மதிப்பீடு

கைரல் வினையூக்கி என்பது ஒரு மூலக்கூறின் இடக்கை, வலக்கை வடிவங்களில் ஒன்றையே மிகுதியாகத் தருவது. அதை விற்கும் எந்த விலைப்பட்டியலைப் புரட்டினாலும் ஈ.ஈ. (ஒரு கை மற்றதைவிட எவ்வளவு மிகுதி என்ற அளவு) 99 சதவீதம் என்றுதான் போட்டிருக்கும். பொய்யில்லை. ஆனால் அந்த எண், குப்பிக்குப் பிடித்தமான வினைப்பொருளை வைத்து, ஆக்சிஜன் அண்டாத கரைப்பானில், கைதேர்ந்தவர்கள் எடுத்தது. உங்கள் மூலக்கூறில் அது 60 ஆகலாம். எதிர்க் கை வடிவமே (எனான்சியோமர்) மிகுதியாக வந்தும் நிற்கலாம். அதனால் இங்கே ஈ.ஈ.யை வைத்துத் தரம் பிரிக்கவில்லை. வாங்கும் முன் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: உலோகம் பற்றிக்கொள்ள உங்கள் வினைப்பொருளில் என்ன பிடிமானம் இருக்கிறது? இரட்டைப் பிணைப்புக்குப் பக்கத்தில் அமைடு இருந்தால் ஒரு குப்பி, கீட்டோன் என்றால் வேறு குப்பி, பிடிமானமே இல்லாத வெறும் ஆல்கீன் என்றால் இன்னொன்று.

முதலில் ரோடியம்–டூஃபாஸ்: ரோடியம் உலோகமும், அதைப் பற்றி நின்று கையைத் தீர்மானிக்கும் டூஃபாஸ் என்ற லிகண்டும் சேர்ந்தது. டிஹைட்ரோ அமினோ அமில எஸ்டர்கள், இனாமைடுகள் (இரட்டைப் பிணைப்பில் அமைடு ஒட்டியவை) எல்லாம் இதற்குக் கைவந்த வேலை. 1970களில் மொன்சான்டோவில் நோல்ஸ் குழு டிபாம்ப் லிகண்டை வைத்து பார்க்கின்சன் மருந்தான எல்-டோபா செய்தபோது ஈ.ஈ. 95 அளவில் இருந்தது. டூபாண்டில் பர்க் 1990களின் தொடக்கத்தில் கொண்டுவந்த டூஃபாஸ் பல அமினோ அமிலங்களில் 99-ஐத் தாண்டியது. அதைவிடப் பெரிய லாபம் வேறு: இரட்டைப் பிணைப்பின் இ, இசட் என்ற இரு வடிவங்களில் டிபாம்புக்கு இசட் மட்டுமே ஒத்துவரும், டூஃபாஸ் பல நேரங்களில் இ, இசட் கலவையைக்கூட ஒரே கைக்குக் கொண்டுவந்துவிடும். ஆகவே ஐசோமரைப் பிரிக்கும் வேலை ஒன்று மிச்சம். ஆர், எஸ் என்பவை இரு கைகளின் பெயர்கள்; எஸ்,எஸ் லிகண்ட் எஸ் அமினோ அமிலத்தையும் ஆர்,ஆர் லிகண்ட் ஆர் அமினோ அமிலத்தையும் தரும் என்பதால் குழப்பமும் குறைவு.

அளவைப் பாருங்கள். மீதைல் அசிட்டமிடோசின்னமேட் 10 மில்லிமோல், அதாவது 2.19 கிராம். எத்தில்-டூஃபாஸ் ரோடியம் சிஓடி (சைக்ளோஆக்டடையீன்) டெட்ராஃபுளோரோபோரேட்டின் மூலக்கூறு எடை 660. ஆயிரத்துக்கு ஒன்று என்ற விகிதத்தில் 6.6 மில்லிகிராம் போதும். மெத்தனால் 20 மி.லி., அறை வெப்பநிலை, 2 முதல் 4 பார் ஹைட்ரஜன். இதில் முதலுக்கே மோசம் செய்வது மெத்தனால்தான். காற்றில் திறந்து நின்ற மெத்தனாலில் லிட்டருக்கு ஏறக்குறைய 2 மில்லிமோல் ஆக்சிஜன் கரைந்திருக்கும். 20 மி.லி.யில் 0.04 மில்லிமோல். நீங்கள் போட்ட வினையூக்கியோ 0.01 மில்லிமோல். அதாவது லிகண்டைக் கெடுக்க நான்கு மடங்கு ஆக்சிஜன் தயாராகக் காத்திருக்கிறது! நூற்றுக்கு ஒன்று என்று போடும்போது இது கண்ணில் படாது. வினையூக்கியைக் குறைத்த அன்றுதான் வினை பாதியில் நின்றுபோகும். உடனே "குப்பி மட்டம்" என்று புகார் கிளம்பும்.

ஆட்டோகிளேவை (அழுத்தம் தாங்கும் கலத்தை) 10 பார் ஏற்றி இறக்கும் ஒவ்வொரு தடவையும் மேலிருக்கும் காற்று பதினொன்றில் ஒரு பங்காகக் குறையும். ஐந்து தடவையில் ஒரு லட்சத்தில் ஒரு பங்குக்கும் கீழே போய்விடும். இது வாயுவுக்கு மட்டும்தான். கலக்காமல் ஏற்றி இறக்கினால் கரைந்திருக்கும் ஆக்சிஜன் அப்படியே உட்கார்ந்திருக்கும். மெத்தனாலில் ஊசி வழியாக அரை மணி நேரம் நைட்ரஜனோ ஆர்கானோ குமிழவிட்டு, அதற்குப் பிறகு வினையூக்கியைச் சேர்ப்பதுதான் முறை. ரோடியம் உப்பைக் காற்றில் சட்டென்று எடை போட்டுவிடலாம். தனி டூஃபாஸ் லிகண்டை அப்படிக் கையாளக் கூடாது; அதற்குக் காற்றில்லாத கிளவ் பாக்ஸ் வேண்டும். ஆகவே லிகண்டை வாங்கி, அது உலோகத்தோடு சேர்ந்த அணைவை நீங்களே செய்து மிச்சம் பிடிக்கலாம் என்ற எண்ணம், பாக்ஸ் இல்லாத ஆய்வகத்துக்கு ஒத்துவராது.

கரைப்பானிலும் இது கொஞ்சம் வீம்பு பிடிக்கும். டொலுயீன், பென்சீன் வளையங்கள் ரோடியத்தின் மேல் குடைபோலக் கவிந்து உட்கார்ந்து வேகத்தைக் கெடுக்கும். அசிட்டோநைட்ரைல் இடத்தைப் பிடித்துக்கொண்டு விடாது. முந்தைய படியிலிருந்து ஒட்டிவந்த குளோரைடு, கந்தகம், அமீன் எதுவும் ஆகாது. வினை தொடங்கச் சற்று நேரம் எடுத்தால் பதற வேண்டாம்: அணைவோடு வந்த சிஓடி முதலில் ஹைட்ரஜனேறி விலக வேண்டும். நார்போர்னடையீன் வைத்த குப்பி கிடைத்தால் அந்தத் தாமதம் வெகுவாகக் குறையும். கரைசல் ஆரஞ்சு நிறமாக இருக்கும்வரை நம்பலாம். கறுத்து, சுவரில் மைபோலப் படிந்தால் அது ரோடியம் உலோகம். அதன் பிறகு நடக்கும் ஹைட்ரஜனேற்றத்துக்குக் கை தெரியாது.

இன்னொன்று. அழுத்தத்தைக் கூட்டினால் சீக்கிரம் முடியும் என்று 50 பாருக்குப் போகிறார்கள். இனாமைடுகளில் பல ரோடியம் வினையூக்கிகளுக்கு அழுத்தம் ஏற ஏற ஈ.ஈ. இறங்கும். கரைசலில் குறைவாக இருக்கும் அணைவுதான் வேகமாக வினைபுரிந்து சரியான கையைத் தருகிறது என்பதை வேதியியலாளர் ஹால்ப்பர்ன் காட்டியிருக்கிறார். ஹைட்ரஜன் மிகுந்தால் இரண்டு அணைவுகளும் ஒன்றிலிருந்து ஒன்றாக மாறச் சமநிலைக்கு அவகாசம் கிடைக்காது. இதே காரணத்தால், காந்தக் குச்சி சரியாகச் சுழலாத கலத்தில் வந்த எண்ணும் நன்றாகக் கலக்கிய கலத்தில் வந்த எண்ணும் ஒத்துப்போகாது.

அடுத்தது ருத்தீனியம்–பினாப். வேதியியலாளர் நொயோரியின் பெயர் சொல்லும் குப்பி. ஆனால் வாங்குபவர்கள் அதிகம் ஏமாறுவதும் இதில்தான். ஒரே பெயரில் இரண்டு பொருள்கள் உலவுகின்றன. டைஅசிட்டேட் வடிவம் ஜெரனியால் போன்ற அலைல் ஆல்கஹால்களுக்கும் நிறைவுறாத கார்பாக்சிலிக் அமிலங்களுக்கும் உரியது. பீட்டா-கீட்டோ எஸ்டருக்கு அது அசையாது. அங்கே ஹாலைடு உள்ள வடிவம் வேண்டும். டைஅசிட்டேட்டை வாங்கிவிட்டுக் கீட்டோ எஸ்டரில் போட்டு, ஒன்றும் நடக்கவில்லை என்று உதறிவிடாதீர்கள். ஹைட்ரோகுளோரிக் அமிலம் சிறிதளவு சேர்த்தால் அதுவே உயிர் பெறும்.

பினாப் தனி லிகண்ட் காற்றுக்கு ஓரளவு தாக்குப்பிடிக்கும் என்பதால் இங்கே சொந்தத் தயாரிப்பு தாராளமாகச் சாத்தியம். பென்சீன் ருத்தீனியம் குளோரைடு இருபடியையும் பினாப்பையும் ஆக்சிஜன் நீக்கிய டிஎம்எஃப் (டைமீதைல்ஃபார்மமைடு) கரைப்பானில் 100 டிகிரியில் 10 நிமிடம் சூடாக்கினால் செம்பழுப்புக் கரைசல் வரும். டிஎம்எஃப்பை வெற்றிடத்தில் இழுத்துவிட்டு அப்படியே பயன்படுத்தலாம். மீதைல் அசிட்டோஅசிட்டேட் மெத்தனாலில் 99-க்கு மேல் ஈ.ஈ. தரும், ஆர் பினாப் ஆர் ஆல்கஹாலைத் தரும். எத்தில் எஸ்டரை மெத்தனாலில் போட்டால் எஸ்டர் மாற்றம் நடந்து இரண்டும் கலந்து வர வாய்ப்புண்டு; அதற்கு எத்தனாலே நல்லது. ஜெரனியாலில் அழுத்தக் கணக்கு தலைகீழ்: குறைந்த அழுத்தத்தில் இரட்டைப் பிணைப்பு நகர்ந்து ஈ.ஈ. சரியும், 30 பாருக்கு மேல் நிமிர்ந்துவிடும். ஜெரனியாலோடு அதன் இசட் வடிவமான நெரால் கலந்திருந்தால் எந்த அழுத்தமும் காப்பாற்றாது. இரண்டும் எதிரெதிர் கைகளைத் தரும்.

டைஅமீன் சேர்த்த ருத்தீனியம் வகை சாதாரணக் கீட்டோன்களுக்கு. ஐசோப்ரொப்பனால், பொட்டாசியம் டெர்ட்-பியூட்டாக்சைடு, 8 பார் போதும். அசிட்டோஃபினோனுக்கு சைலில்-பினாப், டைபென் (DAIPEN என்ற டைஅமீன்) கூட்டணி 99. விலை குறைந்த டோலில்-பினாப் வகையை வாங்கினால் 80 அளவில் நின்றுவிடும். மிச்சம் பிடித்த காசு மறுபடிகமாக்கலில் போய்விடும். காரம் தாங்காத வினைப்பொருள் என்றால் போரோஹைட்ரைடு ஏற்றிய வடிவத்தைத் தேடுங்கள். அது காரம் இல்லாமலே ஓடும்.

முதன்முதலாக ஒரே ஒரு குப்பிதான் வாங்க முடியும் என்றால் என் ஓட்டு மூன்றாவதற்கு: டோசைல்-டிபென் (TsDPEN) ருத்தீனியம் சைமீன் குளோரைடு. ஆட்டோகிளேவ் வேண்டாம், ஹைட்ரஜன் உருளை வேண்டாம். ஹைட்ரஜனைத் தருவது ஃபார்மிக் அமிலம். ஃபார்மிக் அமிலம் 5 மோல், டிரைஎத்திலமீன் 2 மோல் என்பது விகிதம். ஆய்வக அளவில் 19 மி.லி. அமிலம், 28 மி.லி. அமீன். பனிக்கட்டியில் வைத்து, அமீனுக்குள் அமிலத்தைச் சொட்டுச் சொட்டாக விட வேண்டும். கொட்டினால் வெண்புகை கிளம்பிக் கொதிக்கும். குப்பியில் 85 சதவீத அமிலமா 98-ஆ என்று பார்த்துக் கணக்குப் போடுங்கள். விகிதம் சறுக்குவது பெரும்பாலும் இங்கேதான்.

அசிட்டோஃபினோன் 10 மில்லிமோல் (1.20 கிராம்), வினையூக்கி 32 மில்லிகிராம், அதாவது இருநூற்றுக்கு ஒன்று, மேற்படிக் கலவை 5 மி.லி., 28 முதல் 30 டிகிரி, ஏறக்குறைய ஒரு நாள். ஈ.ஈ. 98. எஸ்,எஸ் வினையூக்கி எஸ் ஆல்கஹாலைத் தரும். கார்பன் டைஆக்சைடு வெளியேறிக்கொண்டே இருக்கும். மூடிபோட்டு இறுக்கிவிட்டுப் போனால் மறுநாள் கண்ணாடியைப் பொறுக்க வேண்டிவரும். மெல்லிய நைட்ரஜன் ஓட்டம் கொடுத்து அதை வெளியே தள்ளினால் வேகமும் கூடும். ஐசோப்ரொப்பனால், கார முறையில் செய்பவர்கள் நேரத்தில் கவனமாக இருக்க வேண்டும்: அங்கே வினை மீளும் தன்மையது, அதிக நேரம் விட்டால் ஈ.ஈ. தேய்ந்துகொண்டே வரும். ஃபார்மிக் அமில வழியில் அந்தக் கவலையில்லை. குப்பியிலுள்ள ஆரஞ்சுப் பொடியில் காரம் பட்டதும் ஆழ்ந்த ஊதா நிறம் வருகிறதா என்று பாருங்கள். வினையைச் செய்யும் 16 எலக்ட்ரான் வடிவம் அது. பழைய குப்பிக்கு இதுவே விரைவான சோதனை.

குறை? கீட்டோனுக்குப் பக்கத்தில் அரோமேட்டிக் வளையமோ அல்கைனோ இல்லாவிட்டால் இதற்கு இரு பக்கமும் ஒன்றுதான். டைஅல்கைல் கீட்டோன்களுக்கு வாங்காதீர்கள். வளைய இமீன்களுக்கு நன்றாகவே உழைக்கும்.

நான்காவது இரிடியம்–ஃபாக்ஸ். பிடிமானம் எதுவும் இல்லாத ஆல்கீனுக்கு வேறு நல்ல வழி குறைவு. அதனால் இதன் தொல்லைகளைப் பொறுத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. பிஎஃப்6 (ஹெக்ஸாஃபுளோரோபாஸ்பேட்) எதிரயனி வைத்த குப்பி மலிவு, ஆனால் தடம் அளவு ஈரத்துக்கே முடங்கும். பார்ஃப் (BArF) என்ற பெரிய போரேட் எதிரயனி உள்ளதையே கேளுங்கள். டைகுளோரோமீத்தேன், 50 பார், 1 மோல் சதவீதம் அல்லது குறைவு. ரோடியத்துக்கு உகந்த மெத்தனால் இங்கே ஆகாது. டைகுளோரோமீத்தேன் குப்பியில் நிலைப்படுத்தியாக ஆல்கஹால் சேர்த்திருக்கிறதா என்று லேபிளைப் படியுங்கள். ஆல்கீன் இல்லாமல் வினையூக்கி மட்டும் ஹைட்ரஜனைச் சந்தித்தால் மூன்று இரிடியம் சேர்ந்து ஹைட்ரைடுக் கொத்தாகிச் செத்துவிடும். முதலில் ஆல்கீன், பிறகு வினையூக்கி, கடைசியில் ஹைட்ரஜன்.

விலை ஒப்பிடும்போது கிராமைப் பார்க்காதீர்கள். டெர்ட்-பியூட்டைல் ஃபாக்ஸ் இரிடியம் பார்ஃப் உப்பின் மூலக்கூறு எடை 1551; அதில் 863 எதிரயனிக்கே போகிறது, இரிடியம் 12 சதவீதம்தான். டோசைல்-டிபென் அணைவு 636. ஒரே விலைக்கு ஒரு கிராம் கிடைத்தாலும் மோல் கணக்கில் இரண்டரை மடங்கு வித்தியாசம்.

பத்திருபது லிகண்டுகளைச் சிறு குப்பிகளில் அடைத்து விற்கும் தேர்வுப் பெட்டிகள் நேரத்தை மிச்சமாக்கும், உண்மைதான். ஒரே குடும்பத்தின் ஆர், எஸ் இரண்டையும் போட்டு எண்ணிக்கையைக் கூட்டிய பெட்டி என்றால் தள்ளிவையுங்கள். எதிர்க் கை, ஈ.ஈ.யின் குறியைத்தான் மாற்றும். கோபால்ட், நிக்கல் வகைகள் வளர்ந்து வருகின்றன. 2018-இல் வலிப்பு மருந்தான லெவடிரசெட்டத்துக்கான இனாமைடை, மெத்தனாலில், துத்தநாகத்தால் தூண்டிய கோபால்ட்டை 0.08 மோல் சதவீதம் மட்டும் வைத்து 200 கிராம் அளவில் ஹைட்ரஜனேற்றினார்கள். ஆனால் குப்பியைத் திறந்து அப்படியே போடும் நிலைக்கு அவை இன்னும் ரோடியம் அளவுக்கு வரவில்லை.

ஈ.ஈ. சரிந்தால் வினையூக்கியைத் திருப்பி அனுப்புமுன் கலத்தைப் பாருங்கள். இரு கைகளையும் பிரித்துக் காட்டும் கைரல் ஹெச்பிஎல்சியில் ஒப்பிடுவதற்கான ரேசிமிக் (இரு கையும் சரிபாதி) மாதிரியைப் பல்லேடியம்–கரியால் செய்துவிட்டு, அதே ஆட்டோகிளேவை, அதே டெஃப்லான் காந்தக் குச்சியைக் கழுவிப் பயன்படுத்தும் வழக்கம் பல இடங்களில் உண்டு. டெஃப்லானின் கீறல்களில் பதுங்கிய பல்லேடியம் போதும். 99 வர வேண்டிய இடத்தில் 85 வரும், அதுவும் ஒவ்வொரு தடவையும் வேறு எண்ணாக. ரேசிமிக்குக்குத் தனிக் குச்சி, தனிக் கண்ணாடி உறை.

மருந்துப் பொருள் செய்பவர்களுக்கு எச்சம் தனிச் செலவு. மேலே சொன்ன ரோடியம் வினையில் உலோகம் முழுவதும் விளைபொருளிலேயே தங்கினால் ஏறக்குறைய 465 பிபிஎம் (பத்து லட்சத்தில் இத்தனை பங்கு). மருந்துகளில் உலோக எச்சத்தை வரையறுக்கும் ஐசிஹெச் க்யூ3டி விதிப்படி வாய்வழி மருந்தில் ரோடியம், ருத்தீனியம், இரிடியம் ஒவ்வொன்றுக்கும் நாளுக்கு 100 மைக்ரோகிராம்தான் அனுமதி. 10 கிராம் அன்றாட அளவுக்கு அது 10 பிபிஎம். ஒரு படிகமாக்கல் பெரும்பகுதியை இறக்கிவிடும். மிச்சத்துக்குத் தயோல் ஏற்றிய சிலிக்கா வேண்டும், அந்தப் பொடியின் விலையையும் வினையூக்கியின் விலையோடு சேர்த்தே எழுதுங்கள்.