பளபளவென்று இருந்தும் செல்லாத ஆதார் அட்டை

இரண்டு வார ஊர்ப் பயணத்தில் ஒரு முழுக் காலைப்பொழுதைத் தின்றது, பஸ் ஸ்டாண்டு எதிரே ஜெராக்ஸ் கடையில் அடித்து வாங்கிய பிளாஸ்டிக் ஆதார் அட்டை. கவுன்ட்டரில் இருந்தவர் பின்பக்கத்துக் கியூஆர் கோடை மூன்று முறை ஸ்கேன் செய்து பார்த்தார். "எடுக்கல சார், வேற இருந்தா குடுங்க" என்று திருப்பிக் கொடுத்துவிட்டார். கோபம் வரத்தான் செய்யும். ஆனால் அவர் செய்ததுதான் சரி. தப்பு அந்த அட்டையில் இருக்கிறது.

தபாலில் வந்த பழைய ஆதார் கடிதத்தை அடிப்பக்கம் வெட்டி லேமினேஷன் போட்டு அலமாரியில் வைத்த வீடுகள்தான் நம் பக்கத்தில் அதிகம். கடைக்காரர் அதைத்தான் ஸ்கேன் செய்து பிளாஸ்டிக்கில் அடித்துத் தருகிறார். அந்தக் காலத்துக் கியூஆரில் பெயரும் முகவரியும் வெறும் எழுத்தாக இருந்தன. படமும் இல்லை, கையொப்பமும் இல்லை. 2018-இல் வந்த பாதுகாப்பான கியூஆர் வேறு வகை. பெயர், பிறந்த தேதி, பாலினம், முகவரி, சிறிய புகைப்படம், ஆதாரின் கடைசி நான்கு இலக்கம் எல்லாம் அதற்குள் சுருக்கி வைக்கப்பட்டு, ஆதாரை வழங்கும் ஆணையத்தின் (யுஐடிஏஐ) டிஜிட்டல் கையொப்பமும் சேர்ந்திருக்கும். சாதாரண போன் கேமராவில் பிடித்தால் நீண்ட எண் வரிசை மட்டும்தான் தெரியும். ஆணையத்தின் ஸ்கேனர் செயலியில் பிடித்தால் கையொப்பம் சரிபார்க்கப்பட்டுப் படத்தோடு விவரம் திரையில் வரும்.

புதிய கியூஆரையே கடையில் அடித்தாலும் சிக்கல் தீராது. அதில் கட்டங்கள் மிக நெருக்கம். வாட்ஸ்அப்பில் அனுப்பிய படத்தையோ மங்கலான ஸ்கேனையோ சுருக்கி அடித்தால் கட்டங்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். மேலே லேமினேஷன் பளபளப்பு வேறு. கண்ணுக்கு நன்றாகத்தான் இருக்கும், செயலி படிக்காது.

ஆணையம் அனுப்பும் பிவிசி (பிளாஸ்டிக்) அட்டையைக் கையில் வாங்கினாலே வித்தியாசம் தெரிந்துவிடும். ஆதார் சின்னம் புடைத்திருக்கும், விரலால் தடவிப் பார்க்கலாம். சாய்த்தால் ஹோலோகிராம் நிறம் மாறும். நகலில் அந்த இடம் செத்த சாம்பல் நிறமாகக் கிடக்கும். கோடு போலத் தெரிவது உண்மையில் நுண்ணெழுத்து, லென்ஸ் வைத்தால் படிக்கலாம். ஸ்கேனரில் போட்டால் புள்ளிகளாகச் சிதறிவிடும். பின்னலான நுண்கோட்டு வேலைப்பாடும் அப்படித்தான், நகலில் மொழுகிப்போகும். மங்கலான இரண்டாவது முகம், வழங்கிய தேதி, அச்சிட்ட தேதி ஆகியவையும் உண்டு. வெளிச்சந்தையில் அடிக்கும் பிவிசி நகல்களில் இந்தப் பாதுகாப்பு அம்சங்கள் கிடையாது, அவற்றைத் தவிர்க்கவும் என்று 2022 ஜனவரியில் ஆணையமே சொல்லிவிட்டது. அப்புறமும் ஊரெல்லாம் அதே பலகை தொங்குவதைப் பார்த்தால் மனசு ஆறவில்லை.

ஆதார் எண்ணின் வடிவமைப்பை மட்டும் மனதாரப் பாராட்ட வேண்டும். சிங்கப்பூரின் அடையாள அட்டையான என்ஆர்ஐசியின் கடைசி எழுத்து எப்படிச் சரிபார்ப்புக்கோ, அப்படியே ஆதாரின் 12-ஆவது இலக்கமும். மற்ற இலக்கங்களை வைத்து அதைக் கணக்கிடுவது வெர்ஹோஃப் முறையில் என்பதால் ஒரு இலக்கம் தவறினாலும், பக்கத்து இலக்கங்கள் இரண்டு இடம் மாறினாலும் கணினி பிடித்துவிடும். முதல் இலக்கம் 0 அல்லது 1 ஆக இருக்காது.

ஆனால் சிங்கப்பூரில் சட்டம் கேட்காத இடத்தில் என்ஆர்ஐசி நகலை நிறுவனங்கள் வாங்குவதற்கே 2019 செப்டம்பர் 1 முதல் தடை. இங்கே லாட்ஜில் முழு எண்ணோடு ஜெராக்ஸ் வாங்கி ஃபைலில் குத்தி வைக்கிறார்கள். ரேஷன் கடைக்காரருக்குக் குடும்பத்தையே முகம் பார்த்துத் தெரிந்த காலத்தில் இந்தக் கவலை இருந்ததில்லை. இப்போது ஜெராக்ஸ் கேட்டால், முதல் எட்டு இலக்கம் மறைத்த ஆதாரைத் தரவிறக்கி அதைக் கொடுங்கள்.

அப்படித் தரவிறக்கும் பிடிஎஃப்பைத் திறக்கும் கடவுச்சொல்லில் நம்மவர்களுக்குத்தான் அதிகம் தடுமாற்றம். ஆதாரில் ஆங்கிலத்தில் உள்ள பெயரின் முதல் நான்கு எழுத்து, பெரிய எழுத்தில், அதன்பின் பிறந்த ஆண்டு. இனிஷியலுக்குப் பின்னால் வரும் புள்ளியும் ஓர் எழுத்தாகக் கணக்கு. இடைவெளி கணக்கில் இல்லை. 1990-இல் பிறந்த பி. குமார் என்றால் பி, புள்ளி, கே, யு, பிறகு 1990. திறந்ததும் கையொப்பத்தில் கேள்விக்குறி தெரிந்தால், அதை வலது கிளிக் செய்து சரிபார்த்துப் பச்சை டிக் வந்த பிறகு அச்செடுங்கள்.

பிவிசி அட்டை 2020 அக்டோபரில், ஸ்பீடு போஸ்ட் செலவும் சேர்த்து 50 ரூபாய்க்கு வந்த சேவை. ஆணையத்தின் இணையதளத்தில் ஆதார் எண்ணைப் போட்டு ஓடிபி கொடுத்தால் போதும். ஊர் சிம் செத்துப்போனவர்களும் பதிவு செய்யாத வேறு இந்திய எண்ணுக்கு ஓடிபி வாங்கி ஆர்டர் செய்யலாம். ஆனால் அப்படிச் செய்தால் பணம் கட்டும் முன் அட்டையின் முன்தோற்றம் காட்டாது, ஆகவே விவரம் பழையதா என்று முதலிலேயே பார்த்துக்கொள்ளுங்கள். ஐந்து வேலை நாளுக்குள் தபால்துறையிடம் ஒப்படைப்பார்கள், அதன்பின் தபால் வந்து சேரும் நாள் தனி. ஆதாரில் உள்ள முகவரிக்குத்தான் வரும். ஊருக்கு வந்து ஆர்டர் செய்தால், திரும்பும் விமானத்துக்குப் பிறகு அட்டை வந்து பூட்டிய வீட்டைத் தட்டும். டிக்கெட் போட்ட அன்றே ஆர்டர் செய்துவிட்டு, அந்த முகவரியில் இருக்கும் சித்தப்பாவிடமோ பக்கத்து வீட்டு அக்காவிடமோ வாங்கி வைக்கச் சொல்லுங்கள்.