பிஹைண்ட் த நேம்: பெயருக்குப் பொருள் தேடினால் எவ்வளவு தூரம் நம்பலாம்?

பெயர்ப் பொருள் சொல்லும் தளமோ செயலியோ எதுவானாலும் முதலில் கிளாடியா என்று தட்டிப் பாருங்கள். ‘தேவதை’, ‘அதிர்ஷ்டசாலி’ என்று பதில் வந்தால் அங்கேயே மூடிவிடலாம். கிளாடியாவின் வேர் லத்தீன் ‘கிளாடஸ்’; விந்தி நடப்பவர் என்று பொருள். செசிலியாவின் வேர் ‘பார்வையற்ற’. கேமரன், ஸ்காட்லாந்தின் கேலிக் மொழியில் ‘கோணல் மூக்கு’. இந்த மூன்றையும் பூசி மெழுகாமல் அப்படியே சொல்கிறது பிஹைண்ட் த நேம். கனடாக்காரர் மைக் கேம்பல் 1996-இல் தொடங்கிய தளம் இது. கேம்பல் என்ற குடும்பப் பெயருக்கே ‘கோணல் வாய்’ என்றுதான் பொருள். அதையும் மறைக்கவில்லை, அந்த மட்டில் மனுஷர் நேர்மையானவர்.

ஒவ்வொரு பெயருக்கும் ஒரு பக்கம். ஆண்பாலா பெண்பாலா, எந்த மொழிக்காரர்கள் வைக்கிறார்கள், மூல எழுத்தில் எப்படி எழுதுவது, உச்சரிப்பு, அதன் பிறகு பொருளும் வரலாறும். பலர் நேரே பொருளுக்குத் தாவிவிடுகிறார்கள். குழப்பமே அங்கேதான் ஆரம்பம். எந்த மொழி என்ற வரியை முதலில் படிக்க வேண்டும். ஒரே ஒலியில் இரண்டு வேர்கள் இருந்தால் தளம் அவற்றை 1, 2 என்று எண்ணிட்டுப் பிரித்து வைக்கும்.

இப்போது நம் ஊரிலும் அடிக்கடி காதில் விழும் கியாராவை எடுத்துக்கொள்ளுங்கள். இத்தாலிய ‘கியாரா’ லத்தீன் ‘கிளாரா’விலிருந்து வந்தது: ஒளி, தெளிவு, புகழ். அயர்லாந்தின் ‘கீரா’ என்ற பெயரோ ‘கியர்’ என்ற சொல்லிலிருந்து வந்தது: கருமை. ஆங்கிலத்தில் கே எழுத்தில் தொடங்கி எழுதும் கியாரா இந்த இரண்டில் எதுவாகவும் இருக்கலாம். மலிவுச் செயலிகள் ‘ஒளி’யை மட்டும் காட்டிவிட்டு நகர்ந்துவிடும். இங்கே இரண்டு வழியும் சொல்லப்பட்டு, அந்தந்த மூலப் பக்கத்துக்கு இணைப்பும் இருக்கிறது. தாராவும் இப்படித்தான். சமஸ்கிருதத்தில் நட்சத்திரம், அயர்லாந்திலோ பழைய அரசர்கள் முடிசூடிய குன்றின் பெயர். இரண்டுக்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை.

தெரியாததைத் தெரியாது என்று சொல்வதுதான் இந்தத் தளத்தின் பெரிய பலம். மேரி என்றால் என்ன? ‘கசப்புக் கடல்’, ‘கலகம்’, ‘விரும்பிப் பெற்ற குழந்தை’ என்று பல ஊகங்கள். ‘அன்பு’ என்ற எகிப்திய வேராகவும் இருக்கலாம். உறுதியில்லை என்று எழுதிவிட்டு எல்லாவற்றையும் அடுக்குகிறார்கள். ஒற்றைச் சொல்லில் பதில் எதிர்பார்ப்பவருக்கு இது எரிச்சலாக இருக்கும். ஆனால் பெயராய்வில் ‘இருக்கலாம்’ என்ற சொல்லே வராத பக்கத்தைத்தான் சந்தேகிக்க வேண்டும்.

‘தொடர்புள்ள பெயர்கள்’ பகுதியைத் தவறவிடாதீர்கள். ஜான், இவான், ஹுவான், ஷான், யஹ்யா எல்லாம் ஒரே எபிரேயப் பெயரின் பிள்ளைகள் என்பது அங்கே வம்சாவளிப் படமாகவே கிடைக்கும்.

குடும்பப் பெயர்களுக்குத் தனிப் பிரிவு இருக்கிறது. தூத்துக்குடி, மன்னார், நீர்கொழும்புக்காரர்களுக்கு அது வீட்டு விஷயம். போர்ச்சுகீசியர் காலத்தில் ஞானஸ்நானத்தோடு கரையேறிய பெயர்களின் வேர் அங்கே கிடைக்கும். சில்வா என்றால் காடு, பெரைரா பேரிக்காய் மரம், கோஸ்டா கரையோரம். பெர்னாண்டோவின் வேர் போர்ச்சுகலையும் தாண்டிப் பழைய ஜெர்மானிய மொழிக்குப் போகிறது: ‘சமாதானம்’ அல்லது ‘பயணம்’, அதோடு ‘துணிவு’. இதிலும் ‘அல்லது’ போட்டுத்தான் எழுதியிருக்கிறார்கள். ஆங்கில ஸ்மித், ஜெர்மன் ஷ்மிட், ஹங்கேரியின் கோவாச், அரபு ஹத்தாத் எல்லாருமே கொல்லர்கள் என்பது இந்தப் பிரிவைச் சும்மா மேய்ந்தாலே புரிந்துவிடும்.

ஆனால் நம் இனிஷியல் இந்தச் சட்டகத்துக்குள் அடங்காது. எஸ். முருகனின் ‘எஸ்’ குடும்பப் பெயரல்ல, அப்பா பெயரின் முதல் எழுத்து. பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர்க் கட்டத்தில் ‘சுப்பிரமணியன்’ ஏறியிருந்தாலும் அதைக் குடும்பப் பெயர்ப் பிரிவில் தேடிப் பயனில்லை. இயற்பெயர்ப் பிரிவில்தான் தேட வேண்டும்.

குறைகளும் உண்டு. வாசகர்கள் அனுப்பும் பெயர்களுக்கு ஒரு தனிப் பகுதி இருக்கிறது; அங்கே தரம் தடாலென்று இறங்கிவிடும். வடிவமைப்பு ஒரே மாதிரி என்பதால் எந்தப் பகுதியில் இருக்கிறோம் என்பதே மறந்துபோகும். அங்கே கிடைத்ததை வேறோர் இடத்தில் சரிபார்க்காமல் பத்திரிகையில் அச்சடிக்கக் கொடுத்துவிடாதீர்கள். இன்னொன்று, எத்தனை பேர் அந்தப் பெயரை வைக்கிறார்கள் என்று காட்டும் வரைபடம். அமெரிக்கக் கணக்கு அங்குள்ள சமூகப் பாதுகாப்புத் துறையின் பட்டியல். 1880 முதல் இருக்கிறது. ஓர் ஆண்டில் ஐந்து குழந்தைகளுக்குக் குறைவாக வைத்த பெயர் அதில் இடம்பெறாது. எழுத்துக்கூட்டல் மாறினால் வேறு பெயராகவே எண்ணுவார்கள். சோஃபியாவை ‘பி.எச்.’ போட்டு எழுதினால் ஒரு வரிசை, ‘எஃப்’ போட்டு எழுதினால் இன்னொரு வரிசை. ஆகவே தரவரிசையை மட்டும் பார்த்துவிட்டு ‘அபூர்வமான பெயர்’ என்று முடிவுகட்டக் கூடாது.

தமிழ்ப் பெயர்களில் தளம் மெலிவு. இருக்கும் கொஞ்சமும் பெரும்பாலும் சாமி பெயர்கள். இதற்காக நட்சத்திர எழுத்துப்படி அடுக்கிய பெயர்ப் புத்தகங்களிடம் போகவும் மனம் வராது. திருவாதிரைக்கு கு, க, ங, ச என்று போட்டுவிட்டு ‘ங’வுக்குப் பெயர் தேடித் திண்டாடும் ரகம் அவை. ‘தூய தமிழ்ப் பெயர்கள்’ என்ற தலைப்பையும் அப்படியே நம்பிவிட முடியாது.

இதற்குச் சரியான துணை, சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன் என்ற அகராதி. 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகள், 1939-இல் பின்னிணைப்பு. சிகாகோ பல்கலைக்கழகத்தின் தெற்காசிய மின்னூலகத்தில் இலவசமாகத் தேடலாம். பெயரை முழுதாகத் தட்டினால் பல நேரம் ஒன்றும் வராது, விகுதியைக் கழற்றுங்கள். முகிலன் வேண்டாம், முகில் போதும். கயல்விழியைக் கயல், விழி என்று உடையுங்கள். இன மொழிச் சொற்கள் பகர அடைப்புக்குள் இருக்கும். முகிலுக்குக் கன்னடத்திலும் மலையாளத்திலும் உறவு உண்டு. அம்புக்குறி போன்ற ‘<’ இருந்தால், எந்தச் சொல்லிலிருந்து வந்தது என்பதை அதை அடுத்துப் படிக்க வேண்டும். தூய தமிழ் என்று பலரும் வைக்கும் ஆதவனை ‘ஆதப’ என்ற வடசொல்லிலிருந்தும், ஆதிரையை ‘ஆர்த்ரா’விலிருந்தும் லெக்சிகன் கொண்டுவருகிறது. தனித்தமிழ் அன்பர்கள் இதை ஒப்புவதில்லை, அந்த வழக்கு இன்னும் ஓயவில்லை.

‘<’ குறிக்குப் பிறகு சொல்லே இல்லாமல் ‘ஐடி.’ என்று ஆங்கில எழுத்தில் மட்டும் நின்றால் திகைக்க வேண்டாம். ‘மேலே சொன்ன அதே வேர்’ என்பதுதான் பொருள். தேடல் முடிவு அந்த ஒரு பதிவைத் தனியாகப் பிய்த்துக் காட்டுவதால் ‘மேலே’ எது என்று தெரியாமல் போகிறது. அந்தப் பக்கத்தையே திறந்து, வேர்ச்சொல் கண்ணில் படும்வரை முந்தைய பதிவுகளை ஒவ்வொன்றாக மேலே ஏறிப் பாருங்கள்.