அகாடமியா, விடுதியா, வீட்டிலிருந்தே ஆட்டமா?

என் மகனுக்கு இப்போது 15 வயது. கால்பந்தில் லெஃப்ட் விங்கில், அதாவது முன்வரிசையின் இடது ஓரத்தில் ஆடுகிறான். ஏழாம் வகுப்பு வரை கோத்தகிரியில் வீட்டிலிருந்தபடியே ஆடினான். எட்டாம் வகுப்பில் சமவெளியில் ஒரு தனியார் அகாடமியில் தங்கி ஆடினான். ஒன்பதாம் வகுப்பிலிருந்து தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தின் விளையாட்டு விடுதியில் இருக்கிறான். பக்கத்து ஹட்டிகளிலிருந்தும் (படுகர் கிராமங்கள்) டேன்டீ லயன்களிலிருந்தும் (அரசுத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர் குடியிருப்புகள்) மாதத்துக்கு ஒருவராவது போன் போட்டு, "அண்ணா, பையன் நல்லா ஆடுறான், எங்கே சேர்க்கலாம்?" என்று கேட்கிறார்கள். எல்லோருக்கும் சொல்வதை ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன். நான் விடுதியின் பக்கம். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

செலவைப் பற்றி நீட்ட வேண்டியதில்லை. அகாடமியில் பாதி ஸ்காலர்ஷிப் போக, ஆண்டுக்கு 1,90,000 ரூபாய் கட்டினோம். இரண்டு ஏக்கர் தேயிலையை நம்பியிருக்கும் வீட்டுக்கு அது எவ்வளவு பெரிய தொகை என்று பச்சை இலை விலை தெரிந்தவர்களுக்குப் புரியும். விடுதியில் தங்குமிடம், சாப்பாடு, உடை, பயிற்சி எல்லாமே அரசுச் செலவு. ஆனால் பணத்துக்காக நாங்கள் மாற்றவில்லை. அங்கே சரியாகப் போயிருந்தால் கடன் வாங்கியாவது இன்னும் ஓர் ஆண்டு கட்டியிருப்போம்.

மாற வைத்தது ஒரு நோட்டு. ஃபேக்டரிக்குப் போகும் இலையின் எடையை என் மனைவி எழுதி வைக்கும் நீள நோட்டு அது. அதைத் திருப்பிப் பிடித்து, பின்பக்கத்திலிருந்து நான் பையனின் ஆட்ட நிமிடங்களை எழுத ஆரம்பித்தேன். ஞாயிறு மாலை வார்டன் போனிலிருந்து கூப்பிடுவான். "சாப்ட்டியாடா, சளி விட்டுச்சா?" என்று அவன் அம்மா கேட்டு முடித்ததும் நான் வாங்கி, "இன்னைக்கு எவ்வளவு?" என்பேன். "ஏழு நிமிஷம்ப்பா." அடுத்த வாரம், "இறக்கலப்பா." அதற்கடுத்த வாரம் அவனே சொல்லட்டும் என்று நான் கேட்காமல் விட்டேன். அவனும் சொல்லவில்லை. பத்து மாதத்தில் லீக் மேட்ச் ஒன்பது. அவன் இறங்கியது நான்கில். மொத்தம் 97 நிமிடம்.

கோச் கெட்டவர் என்று நினைத்துவிட வேண்டாம், நல்ல மனிதர். அங்கே இருந்த ஏற்பாடே அப்படித்தான் நடக்கும். அவனுடைய வயதுப் பிரிவில் 44 பையன்கள் இருந்தார்கள். லீக்கில் பதிவான அணி ஒன்றுதான். பையன்கள் கூடக் கூட அகாடமிக்குக் கட்டணம் கூடுகிறது, மேட்ச் கூடுவதில்லை. களத்தில் இடம் எப்போதும் பதினொன்றுதான். அந்தப் பதினொன்றில் யார் என்று வரும்போது, 13 வயதில் உடம்புதான் முதலில் கண்ணில் படும். வயது வரம்பு ஜனவரி 1-இலிருந்து கணக்கிடப்படுகிறது. என் மகன் நவம்பரில் பிறந்தவன். ஜனவரியில் பிறந்த பையன் அதே பிரிவில் பத்து மாதம் மூத்தவன். அந்த வயதில் பத்து மாதம் என்பது ஒரு கை உயரம். லீக்கில் ஜெயித்துக் காட்ட வேண்டிய கோச் உயரமானவனைத்தான் இறக்குவார். வயதில் ஏமாற்றுவதைப் பிடிக்க இடது மணிக்கட்டை எக்ஸ்ரே எடுத்து எலும்பு வளர்ச்சியைப் பார்க்கும் டி.டபிள்யூ.3 சோதனையை இந்தியக் கால்பந்துக் கூட்டமைப்பு வைத்திருக்கிறது, நல்லதுதான். ஆனால் உண்மையாகவே மெதுவாக வளரும் பையனுக்கு அதில் எந்தச் சலுகையும் கிடையாது.

பயிற்சியில் குறை சொல்ல ஒன்றுமில்லை. வலது கால் அவனுக்கு வெறும் ஊன்றுகோல் மாதிரி இருந்தது, அதில் பந்தை அடிக்க வைத்தார்கள். வீடியோ போட்டுக் காட்டினார்கள், பிசியோ இருந்தார், டர்ஃப் இருந்தது. இருந்தும் மே மாதம் ஊருக்கு வந்தபோது காந்தி மைதானத்தில் அவன் ஆடியதைப் பார்த்து எனக்கு வயிற்றைப் பிசைந்தது. பந்து வருகிறது, எதிரே டிஃபென்டர் ஒருவன் மட்டும். முன்பெல்லாம் வெளிப்பக்கம் தள்ளிவிட்டு ஓடிவிடுவான். இப்போது நின்றான், திரும்பினான், பின்னால் இருந்தவனுக்குக் கொடுத்தான். மூன்று முறை அப்படியே. பக்கத்தில் நின்ற அவனுடைய பழைய பி.இ.டி. சார், "பையன் தப்பு பண்ணப் பயப்படுறான் சார்" என்றார். ஏழு நிமிடம் கிடைக்கிறவன் பயப்படத்தான் செய்வான். ஒரு பந்தைத் தொலைத்தால் அடுத்த வாரத்து ஏழு நிமிடமும் போச்சு. பந்தைப் பத்து முறை தொலைத்துப் பதினோராவது முறை தாண்டிப் போக நேரம் கிடைத்தால்தான் விங்கர் உருவாவான். அந்த நேரம் மேட்சில் மட்டும்தான் உண்டு.

விடுதியில் முதல் ஆண்டு நோட்டுக் கணக்கு: 26 மேட்ச், 1,480 நிமிடம். அவ்வளவு எப்படி என்று கேட்பீர்கள். விடுதிப் பையன்கள் பக்கத்துப் பள்ளியில் படிக்கிறார்கள். அந்தப் பள்ளிக்காகக் குறுவட்டம், வருவாய் மாவட்டம், மாநிலம் என்று ஆடுகிறார்கள். பாரதியார் தினப் போட்டி, குடியரசு தினப் போட்டி, முதலமைச்சர் கோப்பை, பள்ளிகளுக்கான தேசியப் போட்டியான சுப்ரதோ கோப்பைக்கான சுற்றுகள் எல்லாம் அடுத்தடுத்து வருகின்றன. நடுநடுவே உள்ளூர் லீக். அவனுடைய அணியில் 20 பேர்தான், அதில் இரண்டு மூன்று பேருக்கு எப்போதும் காயம். அப்புறம் இடது பக்கம் இயல்பாக ஆடுகிறவன் இவன் ஒருவன்தான். முதல் நான்கு மேட்ச் மோசமாகவே ஆடினான். இருந்தும் கோச் அவனை அணியிலிருந்து எடுத்துவிடவில்லை. ஐந்தாவதில் தாண்டிப் போனான்.

மலைப் பையனுக்கு நுரையீரல் பலம், சமவெளியில் சும்மா பறப்பான் என்று நம் பக்கம் ஒரு நம்பிக்கை உண்டு. அதை நம்பி அனுப்பாதீர்கள். கோத்தகிரி 1,800 மீட்டர் சுமார், அதனால் வரும் கொஞ்ச நன்மையும் கீழே தங்கிய சில வாரங்களில் கரைந்துவிடும். முதலில் அடிப்பது வெயில். இவனுக்கு முதல் ஒரு மாதம் கெண்டைக்கால் பிடித்துப் பிடித்துச் சுருண்டு விழுந்தான். தண்ணீரில் உப்பும் சர்க்கரையும் போட்டுக் குடிக்கச் சொல்லிப் பழக்கினோம்.

விடுதியின் குறைகளையும் சொல்ல வேண்டும். ஒரே கோச், பல வயதுப் பையன்கள். பிசியோ கிடையாது. கணுக்கால் பிசகியபோது பிளாஸ்டிக் கவரில் ஐஸ் கட்டி வைத்ததுதான் வைத்தியம், மூன்று வாரம் உட்கார்ந்தான். மண் கிரவுண்ட், முட்டியெல்லாம் தோல் உரிந்திருக்கும். கிளப்களின் ஆட்கள் வந்து பார்ப்பது அபூர்வம். நான் அறிந்தது ஒரு விடுதியை, ஒரு கோச்சை. அவர் அக்கறையானவர். அவருக்கு மாற்றல் வந்தால் என் கருத்தும் மாறலாம். அதனால் நீங்கள் சேர்க்கும் முன் ஒரு நாள் போய், மாலைப் பயிற்சியை ஓரமாக நின்று பாருங்கள்.

வீட்டிலிருந்தே ஆடுவது 12 வயது வரை நல்ல வழி என்றுதான் நினைக்கிறேன். அம்மா கைச் சாப்பாடு, பெரிய பையன்களோடு மோதிப் பழகும் வாய்ப்பு. அதற்கு மேல் மலை நம்மை விடாது. கூடலூர், பந்தலூர் பக்கம் ஜூன் தொடங்கினால் மழை. குன்னூர், கோத்தகிரிக்கு ஐப்பசி, கார்த்திகையில் மழை. மழை இல்லாத நாளில் நான்கு மணிக்கு மேகம் இறங்கிவிடும், கோல் போஸ்ட்டில் நிற்கிறவனுக்கு நடுக்கோடு தெரியாது. சமதளமான கிரவுண்ட் எத்தனை இருக்கிறது என்று விரல் விட்டு எண்ணிவிடலாம். கேரள எல்லைப் பக்கத்தில் செவன்ஸ் உண்டு, ஆடினால் கையில் காசு தருகிறார்கள். கால் வேகம் வரும். ஆனால் ஏழு பேர் ஆட்டத்தில் விங்கருக்கு ஓட இடமே இல்லை. அந்த மேட்ச் எதுவும் கூட்டமைப்பின் பதிவில் ஏறாது. காலை உடைத்துக்கொண்டால் கேட்க நாதியும் இல்லை. வீட்டிலிருந்த கடைசி ஆண்டில் இவன் ஆடிய 31 ஆட்டத்தில் 19 அந்த வகைதான்.

சரி, புரொஃபஷனல் ஆவது எப்படி? இங்கே அகாடமிக்கு ஒரு மார்க் கூடுதலாகவே உண்டு. 16, 17 வயதில்தான் ஐ.எஸ்.எல். (இந்தியன் சூப்பர் லீக்) கிளப்கள் தங்கள் இளையோர் அணிக்குப் பையன்களைப் பொறுக்குகின்றன. அங்கிருந்து 2022-இல் தொடங்கிய ரிலையன்ஸ் ஃபவுண்டேஷன் டெவலப்மென்ட் லீக் மாதிரியான ஆட்டங்கள், பிறகு முதல் அணி. தேசிய இளையோர் லீக்கில் ஆடும் அகாடமிப் பையன் அவர்கள் கண்ணில் படுவது எளிது. விடுதிப் பையன் தானே ட்ரையல்ஸுக்குப் போக வேண்டும். நாங்கள் பத்தாம் வகுப்புத் தேர்வு முடிந்ததும் அப்படி இரண்டு இடங்களுக்குப் போகத் திட்டமிட்டிருக்கிறோம். முழுச் செலவையும் தாங்களே ஏற்கும் இடங்களும் உண்டு: 1987-இல் ஜாம்ஷெட்பூரில் தொடங்கிய டாடா கால்பந்து அகாடமி, நவி மும்பையின் ரிலையன்ஸ் யங் சாம்ப்ஸ், 2023-இல் புவனேஸ்வரில் ஃபிஃபாவும் (உலகக் கால்பந்துக் கூட்டமைப்பு) இந்தியக் கூட்டமைப்பும் சேர்ந்து திறந்த அகாடமி. எடுப்பது மிகச் சிலரைத்தான். உங்கள் பையனுக்கு அதில் ஒன்று கிடைத்தால், நான் எழுதியதையெல்லாம் மடித்து வைத்துவிட்டு அனுப்பிவிடுங்கள்.

ஆனால் கிளப்பை மட்டும் நம்பி ஒரு பையனின் வாழ்க்கையைக் கட்ட எனக்குத் துணிச்சல் இல்லை. 2018-19-இல் சென்னை சிட்டி அணி கோயம்புத்தூர் நேரு ஸ்டேடியத்தில் ஆடி, ஐ-லீக் என்ற தேசிய லீக்கில் சாம்பியன் ஆனது. 2020-21-க்குப் பிறகு அந்த அணி லீக்கிலேயே இல்லை. 2025 ஜூலையில் ஐ.எஸ்.எல். சீசனையே நிறுத்தி வைத்தார்கள். அடுத்த மாதம் பெங்களூரு எஃப்.சி. வீரர்களின் சம்பளத்தை நிறுத்தியது. 'சென்னையின் எஃப்.சி.' கிளப்பும் தன் முதல் அணியின் வேலைகளை நிறுத்தி வைத்தது. அங்கே ஒப்பந்தத்தில் இருந்த வீரர்களுக்கே அந்த நிலைமை.

நம் ஊர்க்காரர்களுக்கு வேறொரு வழி எப்போதும் இருந்திருக்கிறது. குன்னூரை அடுத்த வெலிங்டனில் உள்ள ராணுவத்தின் மெட்ராஸ் ரெஜிமென்டல் சென்டர் 1955-இலும் 1958-இலும் இந்தியாவின் பழமையான கால்பந்துப் போட்டியான டூரண்ட் கோப்பையை வென்றது. அந்த அணியின் கோல் கீப்பர் பீட்டர் தங்கராஜ் மெல்போர்ன், ரோம் என இரண்டு ஒலிம்பிக்கில் ஆடினார். குன்னூர்ப் பேருந்தில் போகும்போது அந்த முகாமைக் கடந்தால் நான் இன்னும் பையனுக்குச் சொல்வேன். ராணுவம், ரயில்வே, ஐ.சி.எஃப். (ரயில் பெட்டித் தொழிற்சாலை), வங்கி என்று வேலையோடு சேர்ந்த கால்பந்து சென்னையில் இன்றும் இருக்கிறது. தமிழக அரசு வேலையில் விளையாட்டு வீரர்களுக்கு 3 சதவீத ஒதுக்கீடு இருக்கிறது. மாநில அளவில் ஆடியதற்கான சான்றிதழ்கள் அங்கே பேசும். விடுதியில் அவை ஆண்டுதோறும் சேர்கின்றன. அகாடமி ஆண்டில் எங்களுக்குச் சேர்ந்தது பங்கேற்புச் சான்றிதழ் ஒன்று.

இன்னொன்று. ஸ்பெயின், போர்ச்சுகல் என்று சொல்லி லட்சக்கணக்கில் கேட்கும் ஏஜென்ட் ஒருவர் எங்களிடமும் வந்தார். 18 வயதுக்குக் கீழ் உள்ளவனை நாடு விட்டு நாடு எந்தக் கிளப்பும் பதிவு செய்யக் கூடாது என்பது ஃபிஃபா விதி. குடும்பம் வேறு காரணத்துக்காக அங்கே குடியேறுவது போன்ற சில விலக்குகள் மட்டும் உண்டு. 14 வயதில் அங்கே போய் இரண்டு வாரம் பயிற்சி எடுத்தால் ஊர் பார்த்துவிட்டு வரலாம், ஒப்பந்தம் வராது.

கோல் கீப்பருக்கு என் நிமிடக் கணக்கு அப்படியே பொருந்துமா என்பதில் எனக்கு உறுதி இல்லை. தனி கீப்பர் கோச் இருக்கும் இடம் அவனுக்கு அதிகம் உதவலாம். பெண் பிள்ளைகளுக்கு மதுரையின் சேது எஃப்.சி. 2018-19-இல் இந்திய மகளிர் லீக்கையே வென்ற அணி. அந்தப் பக்கம் போன பிள்ளைகளின் வீட்டாரைக் கேட்பதுதான் சரி, நான் ஒரு பையனின் அப்பா.

விடுதிக்கு 7, 8, 9, 11-ஆம் வகுப்புகளில் சேர்க்கிறார்கள். அறிவிப்பு கோடையில் வரும், முதலில் மாவட்டத் தேர்வு, பிறகு மாநிலத் தேர்வு. பத்தாம் வகுப்பில் சேர்க்கை இல்லை, அதனால் ஒன்பதைத் தவறவிட்டால் இரண்டு ஆண்டு காத்திருக்க வேண்டும். அகாடமியிலேயே சேர்ப்பதென்றால் டர்ஃபையும் ஜிம்மையும் பார்ப்பதற்கு முன், போன சீசனின் மேட்ச் ஷீட்களை (ஒவ்வொரு மேட்சிலும் ஆடியவர்களின் பெயர்ப் பட்டியல்) கேளுங்கள். உங்கள் பையனின் வயதுப் பிரிவில் எத்தனை பேர் இருந்தார்கள், அதில் எத்தனை பேரின் பெயர் அந்தத் தாள்களில் இருக்கிறது என்று எண்ணிப் பாருங்கள். காட்ட மறுத்தால் பணம் கட்டாதீர்கள். விலகும்போது கூட்டமைப்பின் ஆன்லைன் பதிவிலிருந்து பையனை விடுவித்ததை எழுத்தில் வாங்கிக்கொண்டு வெளியே வாருங்கள். நாங்கள் வாங்காமல் வந்தோம், புது இடத்தில் முதல் இரண்டு லீக் மேட்ச் அதனால் போயிற்று.